ஒருமுறை செய்து காட்டினால் போதும்: மேக்ரோ பதிவு ஓர் அறிமுகம்

கிழக்குக் கடற்கரைச் சாலையில் மாமல்லபுரம் நோக்கிச் செல்பவர்கள் நெம்மேலியில் கடல்நீரைக் குடிநீராக்கும் நிலையத்தைப் பார்த்திருப்பார்கள். நாளொன்றுக்கு 10 கோடி லிட்டர் திறனுடன் 2013-இல் அது தொடங்கப்பட்டது. 15 கோடி லிட்டர் திறனுள்ள மற்றொரு நிலையம் 2024-இல் அங்கேயே திறக்கப்பட்டது. கடல்நீரை இழுப்பது, வடிகட்டுவது, அதிக அழுத்தத்தில் சவ்வு வழியே செலுத்துவது என ஒரே வேலையைத் திரும்பத் திரும்பச் செய்வது இயந்திரங்கள். அந்த நீர் குடிக்கத் தகுந்ததா என்று பார்த்துச் சொல்லும் பொறுப்பு மனிதருடையது.

நம் கணினி வேலையையும் இப்படிப் பிரித்துக்கொள்ள முடியும். அதற்கு உதவுவதுதான் மேக்ரோ.

மேக்ரோ என்றால் என்ன?

மதிப்பெண் பட்டியல் ஒன்றை அச்சுக்குத் தயார் செய்வதாக வைத்துக்கொள்வோம். தேவையற்ற நெடுவரிசைகளை நீக்குகிறோம், தலைப்பைத் தடித்த எழுத்தாக்குகிறோம், கட்டம் போடுகிறோம், தாளைக் கிடைமட்டமாக மாற்றுகிறோம். ஐந்து பாடம், மூன்று பிரிவு என்றால் இதே வேலையை 15 முறை செய்ய வேண்டும். முதல் முறை செய்யும்போதே அதைக் கணினியைப் பதிவு செய்யச் சொல்லலாம். மீதி 14 முறையும் ஒரு விசையை அழுத்தினால் போதும். இப்படிப் பதிவான செயல் வரிசைக்குத்தான் மேக்ரோ என்று பெயர். பெரியது என்னும் பொருளுள்ள கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது இது. ஒரு சிறு கட்டளைக்குள் பெரிய வேலை அடங்கியிருக்கிறது. இது புதிய நுட்பமும் அல்ல. 1990-களின் தொடக்கத்தில் வந்த விண்டோஸ் 3.1-இலேயே 'ரெக்கார்டர்' என்னும் பதிவுக் கருவி இருந்தது.

இரண்டு வகைகள்

முதல் வகை, எக்செல், லிப்ரேஆஃபிஸ் கால்க் போன்ற செயலிகளுக்குள்ளேயே இருப்பது. 'இந்த நெடுவரிசையை நீக்கு' என்ற கட்டளையாகவே இது பதிவு செய்கிறது.

இரண்டாம் வகை, சுட்டியின் அசைவையும் விசைகளையும் அப்படியே பதிவு செய்யும் தனி மென்பொருள். எந்தச் செயலியிலும் இது வேலை செய்யும். ஆனால் இதற்குப் பொருள் தெரியாது, இடம் மட்டுமே தெரியும். திரையின் இடமிருந்து இத்தனையாவது புள்ளி, மேலிருந்து இத்தனையாவது புள்ளி, அங்கே சொடுக்கு என்றுதான் அது நினைவில் வைத்திருக்கும். சன்னல் சற்று நகர்ந்தாலோ, வேறு திரை அளவுள்ள கணினிக்கு மாறினாலோ, இணையம் மெதுவாகிப் பக்கம் திறக்கத் தாமதமானாலோ தவறான இடத்தில் சொடுக்கும். தமிழ்த் தட்டச்சிலும் கவனம் தேவை. தமிழ்99 விசைப்பலகையில் பதிவு செய்ததை ஆங்கில விசைப்பலகை இயங்கும்போது ஓட்டினால் பொருளற்ற எழுத்துகள்தான் வரும். ஆகவே முதல் வகையில் முடிகிற வேலைக்கு இரண்டாம் வகையை நாட வேண்டாம்.

கால்க்கில் செய்து பார்ப்போம்

1. டூல்ஸ், ஆப்ஷன்ஸ், லிப்ரேஆஃபிஸ், அட்வான்ஸ்டு என்று சென்று மேக்ரோ பதிவை அனுமதிக்கும் பெட்டியில் குறியிடுங்கள். இதை ஒருமுறை செய்தால் போதும்.
2. மதிப்பெண் கோப்பின் நகல் ஒன்றை எடுத்து, அதைத் திறந்துகொள்ளுங்கள்.
3. டூல்ஸ், மேக்ரோஸ், ரெக்கார்டு மேக்ரோ என்பதைச் சொடுக்குங்கள். பதிவை நிறுத்துவதற்கான சிறு பெட்டி தோன்றும்.
4. வேலையை நிதானமாகச் செய்யுங்கள். முடிந்ததும் பதிவை நிறுத்திப் பெயரிட்டுச் சேமியுங்கள்.
5. அடுத்த கோப்பைத் திறந்து, டூல்ஸ், மேக்ரோஸ், ரன் மேக்ரோ வழியாக ஓட்டிப் பாருங்கள்.

எக்செல்லில் இதே வசதி வியூ பட்டியில் 'மேக்ரோஸ்' என்பதன் கீழ் உள்ளது. அங்கே 'யூஸ் ரிலேட்டிவ் ரெஃபரன்சஸ்' என்ற தேர்வைக் கவனியுங்கள். அதைத் தேர்ந்தெடுக்காவிட்டால், எந்த வரிசையில் நின்று ஓட்டினாலும் பதிவு செய்த அதே கட்டத்திற்கே மேக்ரோ போகும். இன்னொன்று: எக்செல்லில் மேக்ரோ செய்த மாற்றத்தைக் கன்ட்ரோல்-இசட் அழுத்தித் திரும்பப் பெற முடியாது. நகலில் ஓட்டிப் பார்க்கச் சொல்வது இதற்காகத்தான்.

நான் செய்த தவறு

ஏழாம் வகுப்பின் தொகுத்தறி மதிப்பீட்டு மதிப்பெண்களை ஒரு தாளிலிருந்து இன்னொரு தாளுக்கு மாற்ற, சுட்டிப் பதிவு மென்பொருளைப் பயன்படுத்தினேன். பழைய தாளில் 37 பெயர்கள், புதிய தாளில் 36. மாற்றுச் சான்றிதழ் பெற்றுச் சென்ற ஒரு மாணவரின் பெயர் பழைய தாளில் 14-ஆவது வரிசையில் நீக்கப்படாமல் இருந்தது. நான் கவனிக்கவில்லை. 14-ஆவது மாணவர் முதல் எல்லோருக்கும் அவரவருக்கு முந்தைய பெயருக்குரிய மதிப்பெண் பதிவாகிவிட்டது. தேர்வே எழுதாத ஒரு மாணவிக்கு 60-க்கு 52 என்று இருந்ததைப் பார்த்த பிறகுதான் தவறு பிடிபட்டது. அந்த மாணவி அன்று தேர்வு எழுதியிருந்தால், பாதி வகுப்பின் மதிப்பெண்கள் மாறியபடியே பெற்றோர் கைக்குப் போயிருக்கும்.

கையால் எழுதும்போதும் தவறு வரும், ஆனால் அது ஒரு மாணவரோடு நின்றுவிடும். மேக்ரோவின் தவறு வகுப்பு முழுவதும் பரவும். அதனால் இப்போது மூன்று சோதனைகளைத் தவறாமல் செய்கிறேன். இரு தாள்களிலும் பெயர்களின் எண்ணிக்கை ஒன்றா? மதிப்பெண்களின் கூட்டுத்தொகை ஒன்றா? முதல், நடு, கடைசி மாணவரின் மதிப்பெண் விடைத்தாளோடு பொருந்துகிறதா? முதல் சோதனையே என் தவறைக் காட்டியிருக்கும். வரிசை மட்டும் மாறியிருந்தால் எண்ணிக்கையும் கூட்டுத்தொகையும் காட்டிக்கொடுக்காது, மூன்றாவது சோதனைதான் உதவும். உண்மையில் அந்த வேலைக்கு மேக்ரோவே தேவையில்லை. மாணவரின் எமிஸ் எண்ணைக் கொண்டு பொருத்தும் வி-லுக்அப் சூத்திரமே சரியான கருவி.

கவனத்தில் கொள்ள

கடவுச்சொல்லைத் தட்டும்போது பதிவு ஓடக்கூடாது. அது அப்படியே கோப்பில் தங்கிவிடும். முன்பின் தெரியாதவர் அனுப்பிய கோப்பு மேக்ரோவை இயக்க அனுமதி கேட்டால் மறுத்துவிடுங்கள். 1999-இல் உலகெங்கும் மின்னஞ்சல் வழியே பரவிய மெலிசா வைரஸ், ஒரு வேர்டு கோப்பிலிருந்த மேக்ரோதான். மாணவர்களின் விவரங்கள் உள்ள கணினியில் அறிமுகமில்லாத தளங்களின் இலவசப் பதிவு மென்பொருளை நிறுவ வேண்டாம். துறையின் இணையதளங்களில் தானியங்கிப் பதிவைப் பயன்படுத்தாதீர்கள். அங்கே ஒவ்வொரு பதிவுக்கும் உள்நுழைந்தவரே பொறுப்பு.

வருகைப் பதிவையும் மதிப்பிடுதலையும் மேக்ரோவிடம் ஒப்படைக்க இயலாது. குழந்தை வந்திருக்கிறதா என்று கண்ணால் பார்க்க வேண்டும். விடையைப் படித்துத்தான் மதிப்பெண் இட வேண்டும். கட்டம் போடுவதும் நெடுவரிசை நீக்குவதும் அப்படியல்ல. இந்த வாரம் உங்கள் பள்ளியின் உயர் தொழில்நுட்ப ஆய்வகத்தில் ஒரு பட்டியலின் நகலை எடுத்து முயன்று பாருங்கள். 15 பட்டியலுக்கு ஆகும் நேரத்தில் எவ்வளவு மிச்சமாகிறது என்று கடிகாரத்தைப் பார்த்துக் குறித்துக்கொள்ளுங்கள். வாசிக்கத் தடுமாறும் பிள்ளையோடு உட்கார நாம் தேடிக்கொண்டிருந்த நேரம் அதுவாக இருக்கலாம்.