படப்பெட்டி பார்த்த முதுகு

"மன்னர் விழாவையெல்லாம் அந்தக் காலத்திலே படம் பிடித்தார்களாமே, அதிலே நமக்கென்ன?" என்று எருமப்பட்டித் தோழர்கள் நம்மைக் கேட்டனர். நியாயமான கேள்வி! கடலைக்காட்டில் முதுகு காயும் உழவனுக்குக் கொலுமண்டபத்தில் இடமேது?

ஆனால், கதையைக் கேளுங்கள். 1911 டிசம்பர் 12. டில்லியில் தர்பார். அரியணையில் ஐந்தாம் ஜார்ஜ், எதிரே படப்பெட்டிகள். சார்லஸ் அர்பன் கம்பெனியார் வண்ணத்திலேயே பிடித்தனர். 1912 பிப்ரவரியில் இலண்டன் ஸ்காலா அரங்கிலே ஓடிற்று அந்தப் படம், இரண்டு மணி நேரத்துக்கும் மேலாக! எதைக் காட்ட? இந்தியாவின் இரத்தினக் கிரீடங்கள் குனிந்து வணங்கி, சக்கரவர்த்திக்கு முதுகு காட்டாமல் பின்னோக்கி நகர்வதைக் காட்ட!

குனிந்தன கிரீடங்கள். ஒருவர் மட்டும் முறை தவறினார். பரோடா மன்னர் சாயாஜிராவ் கெய்க்வாட் நகையணியாது வந்தார், ஒரே வணக்கம், திரும்பினார், முதுகைக் காட்டி நடந்தார். படச்சுருளிலே பதிந்துவிட்டது! வெள்ளையர் ஏடுகள் சீறின. பதற்றத்தில் நேர்ந்த பிழையென்று மன்னர் மன்னிப்புக் கடிதம் எழுதினார். எழுதட்டுமே! கடிதமா திரையில் ஓடிற்று? முதுகல்லவா ஓடிற்று!

மகுடங்களுக்கு மாலை சூட்டுவது நமது வேலையல்ல. எனினும், 1906இல் பரோடா முழுவதும் கட்டாயக் கல்வி கொணர்ந்தவர் இவர். 1913இல் அம்பேத்கர் அமெரிக்கா சென்று பயில உதவித்தொகை தந்ததும் இவரது அரசே. அன்று ஒழுங்காகக் குனிந்த கிரீடங்களிலே எத்தனை, சேரிப்பிள்ளைக்குப் பள்ளிக் கதவைத் திறந்தன?