எங்கள் தளிகையில் ஒரு புதிய கறியமுது

சென்ற ஆண்டு ஆடி வெள்ளி ஒன்றில் ஸ்ரீரங்கம் தாயார் சந்நிதியில் சேவித்துவிட்டு, என் அக்காவும் நானும் மண்டபத்தில் சற்றே அமர்ந்தோம். புறப்படும்போது அக்காவால் தரையிலிருந்து எழ முடியவில்லை. கையை ஊன்றிப் பார்த்தார். தூணைப் பற்றிப் பார்த்தார். முன்பின் அறியாத இரண்டு பெண்மணிகள் வந்து தூக்கிவிட்டார்கள். வீடு வரும் வரை அவர் ஒரு வார்த்தையும் பேசவில்லை. வாசற்படியில் நின்று, "இனிமே என்னைக் கோயிலுக்குக் கூப்பிடாதேடா" என்றார். அக்காவுக்கு வயது 78. வெள்ளிக்கிழமை தோறும் தாயாரைச் சேவிக்கத் தவறாதவர் அவர்.

மருத்துவரிடம் அழைத்துச் சென்றேன். நோய் ஒன்றும் இல்லை, தொடைத் தசைகள் மெலிந்துவிட்டன என்றார் அவர். "அம்மா என்ன சாப்பிடுகிறார்கள்?" என்று கேட்டார். பகலில் ஒரு வேளை சாதமும் சாற்றமுதும், இரவில் தயிர் சாதம், இரு வேளை காபி. அவ்வளவுதான்.

வங்கியில் முப்பத்தைந்து ஆண்டுகள் கணக்குப் பார்த்தவன் நான். அன்றிரவு அக்காவின் உணவுக்கும் ஒரு வரவு செலவுக் கணக்கு எழுதினேன். உடல் எடையில் ஒரு கிலோவுக்கு நாளொன்றுக்கு 0.83 கிராம் புரதம் வேண்டும் என்று இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் 2020-இல் பரிந்துரைத்தது. முதியவர்களுக்கு ஒரு கிராம் அல்லது அதற்குச் சற்று மேல் தேவை என்பது வல்லுநர் பலரின் கருத்து. அக்காவின் எடை 50 கிலோ. ஆகவே 50 கிராம் தேவை. வரவோ 20 கிராமைத் தாண்டவில்லை. குறைந்த தொகையை உடல் தன் தசையிலிருந்தே எடுத்துக்கொண்டிருந்தது. 'வயதானால் தளர்ச்சி வரத்தான் செய்யும்' என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். அதில் ஒரு பகுதி, நாமே வரவு வைக்காமல் விட்ட கணக்கு.

முட்டை நம் வழக்கில் இல்லை. அதிகப் பாலும் பனீரும் அக்காவின் வயிற்றுக்கு ஒத்துக்கொள்ளவில்லை. அப்போதுதான் சோயாப் பயற்றின் பாலைத் திரித்துக் கட்டியாக்கும் டோஃபு நினைவுக்கு வந்தது. கெட்டியான டோஃபு 100 கிராமில் ஏறத்தாழ 12 கிராம் புரதம் உண்டு.

"சீனாக்காரன் பண்டமெல்லாம் நம்மாத்துல எதுக்குடா?" என்றார் அக்கா. சீனாவில் பிறந்த உணவுதான், மறுப்பதற்கில்லை. ஆனால் ஜப்பானியப் பௌத்த மடங்களில், புலாலை மட்டுமன்றி வெங்காயம், பூண்டையும் விலக்கிய துறவிகளுக்கு அது நெடுங்காலமாக அன்றாட உணவு. நம் அரங்கனின் கோயிலிலேயே, துலுக்க நாச்சியாரை முன்னிட்டு ரொட்டியும் வெண்ணெயும் அமுது செய்விக்கிறார்கள் அல்லவா? அங்கே தன்வந்திரிக்குத் தனிச் சந்நிதி உண்டு. ஹொய்சாளர் காலத்திலேயே கோயிலைச் சார்ந்து ஆரோக்கியசாலை நடந்ததைக் கல்வெட்டுகள் சொல்கின்றன. உடலைப் பேணுவதைப் பெரியோர்கள் பக்திக்குப் புறம்பாக எண்ணியதில்லை. இவற்றையெல்லாம் சொன்னதும் அக்கா இரண்டு நிபந்தனைகள் விதித்தார்: முட்டை பட்ட அடுப்பு கூடாது, ஏகாதசியில் கூடாது. சிறிய மின் அடுப்பு ஒன்றைப் புதிதாக வாங்கினேன்.

செய்முறை இதுதான். சோயாப் பயறு 250 கிராமை இரவு முழுதும் ஊறவைத்து, தோலைக் களைந்து, நீர் விட்டு நைஸாக அரைக்கவும். மொத்தம் இரண்டு லிட்டர் நீர் சேர்த்து மெல்லிய துணியில் பிழிந்து, பாலைப் பதினைந்து நிமிடம் நன்றாகக் கொதிக்கவிடவும். பச்சைச் சோயா செரிக்காது என்பதால் இதில் அவசரம் கூடாது. அடுப்பை அணைத்து, மூன்று எலுமிச்சம்பழச் சாற்றை நீரில் கலந்து சிறிது சிறிதாக ஊற்றினால் பால் திரியும். திரியாவிடில் இன்னும் சிறிது சாறு சேர்க்கலாம். துணியில் வடிகட்டி, மேலே கனமான பாத்திரத்தை ஒரு மணி நேரம் வைத்தால் கட்டியாகிவிடும். பிழிந்த சக்கையை எறிய வேண்டாம். அடை மாவில் சேர்க்கலாம்.

டோஃபுவுக்கென்று சுவை இல்லை. உள்ளிருக்கும் நீர் வெளியேறினால்தான் நாம் சேர்க்கும் சுவை உள்ளே இறங்கும். ஆகவே அரை அங்குலத் துண்டுகளாக நறுக்கி, துணியால் ஒற்றி எடுக்கவும். கெட்டிப் புளிக்கரைசல் மூன்று தேக்கரண்டி, நல்லெண்ணெய் மூன்று தேக்கரண்டி, மிளகுப்பொடி, இஞ்சித் துருவல், வெல்லம் ஒவ்வொன்றும் ஒரு தேக்கரண்டி, உப்பு அரைத் தேக்கரண்டி, சிறிது மஞ்சளும் பெருங்காயமும் கலந்து, துண்டுகளை அதில் புரட்டி ஒரு மணி நேரம் ஊறவிடவும். 200 டிகிரிக்குச் சூடேற்றிய அடுப்பில் அரை மணி நேரம் வைத்து, நடுவே ஒருமுறை திருப்பிவிடவும். பல்செட் கட்டியவர்களுக்கு இருபது நிமிடம் போதும். துண்டுகள் மிருதுவாக இருக்கும். மின் அடுப்பு இல்லாதவர்கள் தோசைக்கல்லில் சிறுதீயில் வாட்டலாம்.

சில எச்சரிக்கைகள். தைராய்டு மாத்திரை உட்கொள்வோர் அதற்கும் இதற்கும் நான்கு மணி நேர இடைவெளி விட வேண்டும். சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்காமல் தொடங்கலாகாது. ரத்த அழுத்தம் உள்ளவர்கள் உப்பைக் குறைக்கவும். சாதுர்மாஸ்யத்தில் பருப்பு வகைகளை விலக்கும் குடும்பத்தினர் அம்மாதம் இதையும் விலக்க வேண்டும். சோயாவும் இருபிளவுப் பயறே. பெருமாளுக்கு அமுது செய்விப்பது குறித்து அவரவர் குடும்ப வழக்கத்தையும் ஆசாரியரையும் பின்பற்றுவதே முறை.

முதல் துண்டை வாயிலிட்ட அக்கா, "புளியோதரை வாசனை வரதுடா" என்றார். டோஃபு என்ற பெயர் மட்டும் அவருக்குப் பிடிக்கவில்லை; 'சோயாக் கறியமுது' என்று தாமே பெயரிட்டார். அன்று முதல் நாளும் 100 கிராம் கறியமுது, மதியம் கெட்டிப் பருப்பு, மாலையில் ஒரு பிடி சுண்டல். மருத்துவர் சொன்னபடி, நாற்காலியிலிருந்து கையை ஊன்றாமல் எழுந்து அமரும் பயிற்சி காலையில் பத்து முறை, மாலையில் பத்து முறை. உணவு மட்டும் தசையை வளர்க்காது, பயிற்சியும் வேண்டும்.

தை மாதத்து வெள்ளிக்கிழமை காலை, அக்கா புடைவை மாற்றிக்கொண்டு வாசலில் நின்றார். "என்னடா பாக்கறே? கிளம்பு" என்றார். தாயாரைச் சேவித்துவிட்டு அதே மண்டபத்தில் அமர்ந்தோம். புறப்படும் நேரம் வந்ததும் நான் கையை நீட்டினேன். அக்கா அதைத் தொடவில்லை. தூணில் ஒரு கை வைத்து, மெல்ல, தாமாகவே எழுந்தார். பிறகு சந்நிதிப் பக்கம் திரும்பிக் கைகூப்பினார்.

உங்கள் வீட்டுப் பெரியவர்களின் தட்டையும் இன்று ஒருமுறை கணக்குப் பாருங்கள். தாயார் அருளால் எல்லோரும் தம் காலால் நடந்து சென்று சேவிக்கும் பாக்கியம் பெறட்டும்.