எதிரிக்கு டெலிபோன் செய்தவர்!

ஸ்பெயின் நாட்டைச் சிரிக்க வைத்த நடிகர் மிகேல் ஹீலா

மேடையில் ஒரு டெலிபோன் இருக்கிறது. வேறு காட்சி எதுவும் இல்லை.

ஒருவர் வருகிறார். சாதாரண உடை. சில நாட்களில் பட்டாளத்துக்காரர்களின் இரும்புத் தொப்பி தலையில் இருக்கும். டெலிபோனைக் கையில் எடுக்கிறார். எதிரி இருக்கிறாரா என்று கேட்கிறார். இருந்தால் கொஞ்சம் கூப்பிடும்படி சொல்கிறார்!

எதிரி பேச வருகிறார். நாளைக்கு எத்தனை மணிக்குத் தாக்கப் போகிறீர்கள் என்று இவர் மரியாதையாக விசாரிக்கிறார். காலையில் வேண்டாமே, கால்பந்து ஆட்டம் முடிந்து சாயங்காலம் வந்தால் சௌகரியமாக இருக்கும் என்கிறார். எத்தனை பேர் வருகிறார்கள் என்று கேட்கிறார். பதிலைக் கேட்டுத் திடுக்கிடுகிறார். அத்தனை பேருக்கும் தம்மிடம் குண்டு இல்லையாம். சரி, இருப்பதைச் சுடுகிறோம், நீங்களே பங்கு போட்டுக்கொள்ளுங்கள் என்று சமாதானம் சொல்கிறார்.

கொட்டகை முழுவதும் வயிறு குலுங்கச் சிரிக்கிறது.

அவர்தான் மிகேல் ஹீலா. ஸ்பெயின் நாட்டின் மிகப் பெரிய சிரிப்பு நடிகர்களில் ஒருவர். போரை வைத்து விளையாடிய இவர், போரை வேடிக்கை பார்த்தவர் அல்ல. சுட்டுக் கொல்வதற்காகச் சிப்பாய்கள் இவரை வரிசையில் நிறுத்தினார்கள். துப்பாக்கிகள் வெடித்தன. இவர் மட்டும் சாகவில்லை!

தந்தை முகம் காணாத பிள்ளை

ஹீலா 1919-ம் ஆண்டு மார்ச் 12-ந் தேதி ஸ்பெயின் நாட்டின் தலைநகரான மாட்ரிட்டில் பிறந்தார். அவர் பிறப்பதற்கு முன்பே தந்தை இறந்துவிட்டார். தாத்தாவும் பாட்டியும் அவரை வளர்த்தார்கள். சாம்பெரி என்ற பகுதியில், ஒரு கட்டடத்தின் உச்சியில், கூரைக்கு அடியில் இருந்த சிறிய வீட்டில் அவர்கள் குடியிருந்தார்கள். ஏழைக் குடும்பம்.

பிற்காலத்தில் ஹீலா தம் பிறப்பைப் பற்றி மேடையில் ஒரு கதை சொல்லுவார். அவர் பிறந்தபோது அம்மா வீட்டில் இல்லையாம்! குழந்தையே கீழே இறங்கிப் போய், கட்டடத்தைக் காவல் காக்கும் அம்மாளிடம், "நான் பிறந்துவிட்டேன், எனக்கு யார் பால் கொடுப்பார்கள்?" என்ற பாவனையில் கேட்டதாம்.

கேட்டவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். பிறக்கும்போதே தகப்பனை இழந்திருந்த பிள்ளையின் கதை அது என்பது சிரிப்பு அடங்கிய பிறகுதான் நினைவுக்கு வரும். துக்கத்தை ஒளிக்காமல், அதையே சிரிப்பாக மாற்றிக் கொடுப்பது அவருடைய வழி.

பட்டறையில் வேலை

குடும்பத்தின் வறுமையால் ஹீலா சிறு வயதிலேயே பள்ளிக்கூடத்தை விட்டார். முதலில் சில்லறை வேலைகள் செய்தார். பிறகு யந்திரப் பட்டறையில் தொழில் பழகினார். இரும்பைக் கடைந்து உறுப்புகள் செய்யும் தொழிலாளி ஆனார். படம் வரைவதில் மட்டும் ஆசை விடவில்லை.

அந்த நாட்களில் ஸ்பெயினில் அரசியல் கொதித்துக்கொண்டிருந்தது. 1931-ல் மன்னர் நாட்டைவிட்டு வெளியேறினார். குடியரசு ஏற்பட்டது. 1936-ம் ஆண்டு ஜூலை மாதம் ராணுவத் தளபதிகள் சிலர் குடியரசை எதிர்த்துக் கலகம் செய்தார்கள். அவர்களுக்குத் தலைவராக வந்தவர் ஜெனரல் பிராங்கோ. நாடு இரண்டாகப் பிளந்தது. அண்ணன் ஒரு பக்கம், தம்பி ஒரு பக்கம் என்று குடும்பங்களும் பிளந்தன.

அப்போது ஹீலாவுக்கு வயது 17. சோஷலிஸ்ட் வாலிபர் சங்கத்தில் இருந்த அவர், குடியரசைக் காக்கத் தாமாகவே பட்டாளத்தில் சேர்ந்தார்.

மழையில் ஒரு மாலை

1938-ம் ஆண்டு டிசம்பர் மாதம். தென் ஸ்பெயினில் கொர்தோபா மாகாணம். அங்கே எல் விசோ என்ற ஊர்ப் பக்கம் ஹீலாவும் தோழர்களும் பிராங்கோவின் படையிடம் பிடிபட்டார்கள். விசாரணை கிடையாது. வழக்கு கிடையாது. எல்லோரையும் சுட்டுவிடுவது என்று முடிவாயிற்று.

பிறகு நடந்ததை ஹீலாவே எழுதியிருக்கிறார். பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. மழை பெய்தது. சுட வந்த சிப்பாய்கள் குடித்திருந்தார்கள். குறி தவறியது. பக்கத்தில் நின்றவர்கள் சுருண்டு விழுந்தார்கள். ஹீலாவும் விழுந்தார். பிணங்களுக்கு நடுவே பிணம் போலவே கிடந்தார்.

வழக்கமாக, சுட்ட பிறகு ஒருவர் வந்து, உயிர் ஊசலாடுகிறவர்களைக் கைத்துப்பாக்கியால் முடித்துவிடுவார். அன்றைக்கு அந்த வேலையைச் செய்ய யாரும் வரவில்லை. சிப்பாய்கள் போய்விட்டார்கள்.

இருட்டிய பிறகு ஹீலா எழுந்தார். அங்கே இன்னொருவரும் உயிரோடு இருந்தார். காலில் குண்டு பட்ட ஒரு நாயக். ஹீலா அவரைத் தோளில் தூக்கிக்கொண்டு நடந்து, அடுத்த ஊரில் சேர்த்தார்.

பிற்காலத்தில் யாராவது இதைப் பற்றிக் கேட்டால், தம்மைச் சுட்டார்கள், ஆனால் சரியாகச் சுடவில்லை என்று சாதாரணமாகச் சொல்லுவார். தையல்காரர் சட்டையைச் சரியாகத் தைக்கவில்லை என்று சொல்லுவது போல!

சிறையில் கிடைத்த சிநேகிதர்

உயிர் தப்பினார்; ஆனால் விடுதலை கிடைக்கவில்லை. மறுபடியும் பிடிபட்டார். கைதிகள் முகாமில் அடைக்கப்பட்டார். பிறகு பல சிறைகள். 1939-ம் ஆண்டு ஏப்ரல் முதல் தேதி போர் முடிந்தது. பிராங்கோ வென்றார். 1975-ல் சாகும்வரை நாட்டை ஆண்டார்.

மாட்ரிட்டில் தோரிஹோஸ் என்ற சிறையில் ஹீலா இருந்தபோது, அதே சிறையில் இன்னொரு கைதி இருந்தார். அவர் மிகேல் எர்னாந்தெஸ். ஆடு மேய்த்து வளர்ந்து, பெரிய கவிஞரானவர். எர்னாந்தெஸ் சிறையிலிருந்து மீளவில்லை. 1942-ல், 31 வயதில், நோயில் வாடிச் சிறையிலேயே மாண்டார். ஹீலா மீண்டார்.

மீண்டவரை வீட்டுக்கு அனுப்பவில்லை. தோற்ற பக்கத்தில் போரிட்டவர்கள், வென்ற பக்கத்தின் பட்டாளத்திலும் கட்டாயச் சேவை செய்ய வேண்டும் என்று விதித்தார்கள். சமோரா என்ற ஊரில் ஹீலாவுக்கு நாலு வருஷம் அப்படியே கழிந்தது. தம்மைச் சுட்ட ராணுவத்தின் உடுப்பையே அணிய வேண்டியதாயிற்று!

காடைப் பத்திரிகை

அந்த ஊரில்தான் அவருடைய பேனா வேலை செய்யத் தொடங்கியது. மாட்ரிட்டில் 1941-ல் ஒரு நகைச்சுவைப் பத்திரிகை ஆரம்பமாகியிருந்தது. பெயர் "லா கோதோர்னிஸ்". காடை என்று பொருள். நாடக ஆசிரியர் மிகேல் மிஹுரா அதைத் தொடங்கினார். நேராகச் சொல்ல முடியாத காலத்தில், கோணலாகச் சிரிக்கக் கற்றுக்கொடுத்த பத்திரிகை அது.

ஹீலா அதற்குக் கேலிச் சித்திரங்கள் அனுப்பினார். அவை வெளிவந்தன. அவர் வரைந்த ஆட்கள் பெரிய மனிதர்கள் அல்ல. பட்டிக்காட்டு மக்கள், ஏழைகள், சிப்பாய்கள். அவர்கள் முகத்தில் ஒரு வெகுளித்தனம் இருக்கும். வாயில் வரும் வார்த்தையோ சுருக்கென்று தைக்கும்.

மேடை ஏறினார்

படம் வரைந்தவர் எப்படி நடிகரானார்?

1951-ம் ஆண்டு மாட்ரிட்டில் போன்தால்பா நாடகக் கொட்டகையில் ஒரு கலை நிகழ்ச்சி. அதில் ஹீலா மேடையேறித் தனியாளாகப் பேசினார். தாமாகப் போருக்குப் போன ஒரு சிப்பாயின் கதை. ஜனங்கள் விடாமல் சிரித்தார்கள். அன்றிலிருந்து அவர் நட்சத்திரம்.

அதன் பிறகு டெலிபோன் வந்தது. தனியாக ஒருவர் பேசினால் பிரசங்கம் ஆகிவிடும். டெலிபோனில் பேசினால் சம்பாஷணை! மறுமுனையில் இருப்பவரின் குரல் நமக்குக் கேட்காது. ஹீலா கொஞ்சம் நிறுத்துவார். தலையை ஆட்டுவார். "அப்படியா?" என்பது போல் முகத்தை வைத்துக்கொள்வார். மறுமுனையில் என்ன சொன்னார்கள் என்பதை ஜனங்களே கற்பனை செய்துகொள்ள வேண்டும். பாதி நாடகத்தை ஜனங்களே எழுதினார்கள்.

ஒரு நிகழ்ச்சியில் ஆயுதத் தொழிற்சாலைக்கு டெலிபோன் செய்வார். அவர்கள் அனுப்பிய பீரங்கிகளில் ஓட்டை இல்லையாம்! கடையில் வாங்கிய பாத்திரம் ஒழுகுகிறது என்று புகார் சொல்லுகிற மாதிரி, அமைதியாகப் புகார் சொல்லுவார்.

இன்னொன்றில் அவர் துப்பறிகிறவர். லண்டனை நடுங்க வைத்த ஒரு கொலைகாரனைப் பிடிக்க வேண்டும். கொலைகாரன் இருக்கும் ஓட்டலிலேயே தங்குவார். அவன் எதிரில் வரும்போதெல்லாம், யாரோ யாரையோ கொன்றிருக்கிறார்கள் என்று ஜாடையாகச் சொல்லிக்கொண்டே போவார். ஜாடைப் பேச்சைத் தாங்கமுடியாமல் கொலைகாரன் தானே குற்றத்தை ஒப்புக்கொண்டுவிடுவான்!

ரேடியோவில் அவர் குரல் வீடுதோறும் ஒலித்தது. இசைத்தட்டுகள் வந்தன. சினிமாவிலும் நடித்தார். 1957-ல் வெளிவந்த "மெதுவாகப் பயணம் செய்த மனிதன்" என்ற படத்தில் அவரே கதாநாயகன். டெலிவிஷன் வந்ததும் அதிலும் புகுந்தார். சவர பிளேடு ஒன்றுக்கு அவர் நடித்த விளம்பரம்கூட ஜனங்களுக்கு மனப்பாடம்.

எப்படி அனுமதித்தார்கள்?

அந்தக் காலத்து ஸ்பெயினில் தணிக்கை கடுமை. நாடகம், சினிமா, பத்திரிகை எல்லாவற்றையும் அதிகாரிகள் பார்த்துத்தான் விடுவார்கள். தாங்கள் வென்ற போரை ஒரு புனிதப் போர் என்றே பிராங்கோவின் அரசாங்கம் கொண்டாடியது. அப்படி இருக்க, போரைக் கேலி செய்தவர் எப்படிப் பிழைத்தார்?

ஹீலாவின் பேச்சில் எந்தப் போர் என்று இருக்காது. எந்த நாடு என்று இருக்காது. நம்மவர் யார், எதிரி யார் என்றும் இருக்காது. கேட்கிறவர்களுக்குத் தெரியும். ஆனால் ஒரு வார்த்தையையும் பிடித்துக் குற்றம் சாட்ட முடியாது.

அதைவிட முக்கியமான சங்கதி ஒன்று உண்டு. அவர் எதிரியைத் திட்டவில்லை. எதிரியோடு பேசினார். அந்த எதிரிக்கும் சாயங்கால ஆட்டம் உண்டு. ஒழுங்காக வேலை செய்யாத பீரங்கி உண்டு. நம்மைப் போலவே அவனுக்கும் ஆயிரம் தொல்லை. அவன் அரக்கன் அல்ல, டெலிபோனின் மறுமுனையில் நிற்கும் ஒரு மனிதன்.

போரைப் பெரிதாக்கிப் பேசினவர்கள் பலர். ஹீலா அதைச் சிறிதாக்கிக் காட்டினார். பேசித் தீர்த்துக்கொள்ளக்கூடிய இரண்டு பேர் ஏன் சுட்டுக்கொள்கிறார்கள் என்று எண்ண வைத்தார். போரில் தந்தையையும் மகனையும் பறிகொடுத்த குடும்பங்கள் இரண்டு பக்கத்திலும் இருந்தன. அந்த இரண்டு பக்கத்தாரும் ஒரே கொட்டகையில் உட்கார்ந்து, ஒரே வேடிக்கைக்குச் சேர்ந்து சிரித்தார்கள்.

கடல் கடந்து

புகழும் பணமும் இருந்தும் ஹீலாவுக்கு அந்த ஆட்சியில் மனம் ஒட்டவில்லை. 1968-ல் ஸ்பெயினை விட்டு, தென் அமெரிக்காவில் உள்ள அர்ஜென்டைனா நாட்டுக்குப் போனார். தலைநகரான பியூனோஸ் ஏர்ஸில் குடியேறினார். அங்கேயும் பேசுவது ஸ்பானிய மொழிதான். ஆகவே டெலிபோன் அங்கேயும் வேலை செய்தது! மற்ற ஸ்பானிய மொழி நாடுகளிலும் அவர் புகழ் பரவியது.

ஆனால் விதியைப் பாருங்கள். ஒரு ராணுவ ஆட்சியை விட்டு வந்தார். 1976-ல் அர்ஜென்டைனாவிலும் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. 1983 வரை அந்த ஆட்சி நீடித்தது. ஆயிரக்கணக்கானவர்கள் காணாமல் போனார்கள். ஹீலாவின் போர் வேடிக்கைக்கு அங்கேயும் அர்த்தம் இருந்தது.

இதற்குள் ஸ்பெயினில் பிராங்கோ இறந்து, ஜனநாயகம் திரும்பியது. 1985-ல் ஹீலா தாய்நாட்டுக்கே வந்து சேர்ந்தார். வயது 66. வயதானவர்களுக்கு அவர் பழைய நண்பர். வாலிபர்களுக்குப் புதிய விருந்து. டெலிவிஷன் மூலம் இன்னொரு தலைமுறை அவரைக் கண்டு சிரித்தது.

மறந்தவர்களுக்காக ஒரு புத்தகம்

1995-ல் ஹீலா தம் வாழ்க்கைக் கதையை வெளியிட்டார். புத்தகத்தின் பெயர் "அப்போது நான் பிறந்தேன்". அதன் கீழே, "ஞாபகமறதிக்காரர்களுக்கான நினைவுகள்" என்று போட்டிருந்தார். அது வேடிக்கைக்காக மட்டும் போட்டதல்ல. போரைப் பற்றிப் பேசாமல் மறந்துவிடுவதே நல்லது என்று பலர் எண்ணிய நாட்டில், மறக்கக்கூடாது என்று அவர் எண்ணினார். பசி, பட்டறை, மழை பெய்த அந்த மாலை, சிறை எல்லாவற்றையும் அதில் எழுதினார்.

2001-ம் ஆண்டு ஜூலை 13-ந் தேதி, பார்சலோனா நகரில், தமது 82-வது வயதில் ஹீலா காலமானார். சுடும் வரிசையில் நிறுத்தப்பட்ட நாளுக்குப் பிறகு அவர் 62 ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்தார்.

அந்த ஆண்டுகளில் அவர் பழிவாங்கத் துப்பாக்கி எடுக்கவில்லை. டெலிபோனை எடுத்தார். அன்று மழையில் அவரைச் சுட்டவர்களின் பெயர்கள் நமக்குத் தெரியாது. ஹீலாவின் பெயரைச் சொன்னால் ஸ்பெயினில் முதலில் வருவது சிரிப்பு.