"ரூல் அப்படித்தாம்மா" என்று சொன்னால்...



வங்கிக்கோ தாலுகா ஆபீசுக்கோ போய்வரும் நம் உறுப்பினர்கள் அடிக்கடி கேட்டு வரும் வார்த்தை, "ரூல் அப்படித்தாம்மா." எந்த ரூல், யார் போட்டது, என்ன தேதி என்று நாம் திருப்பிக் கேட்பதில்லை. கேட்டால் சார் கோபித்துக்கொள்வாரோ என்ற பயம். ஆனால் நமக்கு வேண்டிய ஆணைகள் பெரும்பாலும் இன்டர்நெட்டில் இருக்கின்றன. எடுப்பதற்குக் காசு கிடையாது.

ராஜபாளையம் பக்கம் பேண்டேஜ் துணி வேலை செய்யும் ஒரு குழு 8 லட்சம் ரூபாய் கடன் கேட்டது. "உங்க சேமிப்பில் ஒரு பங்கை டெபாசிட் போடுங்க, கடன் முடியுற வரை தொடக் கூடாது" என்று வங்கிக் கிளையில் சொல்லிவிட்டார்கள். சரி என்று தலையாட்டிவிட்டே வந்தார்கள் ஊக்குநரும் பிரதிநிதியும்.

நாங்கள் ரிசர்வ் வங்கியின் இணையதளத்தில் தேடினோம். தேசிய ஊரக வாழ்வாதார இயக்கக் குழுக்களுக்கான சுற்றறிக்கையில் விஷயம் தெளிவாக இருந்தது. 10 லட்சம் வரை ஜாமீன் சொத்து கேட்கக் கூடாது, மார்ஜின் பணம் கேட்கக் கூடாது, குழுவின் சேமிப்புக் கணக்கைப் பிடித்து வைக்கக் கூடாது, டெபாசிட் போடச் சொல்லக் கூடாது. 2021 ஆகஸ்ட் 9 அன்று வந்த சுற்றறிக்கை, ஜாமீன் இல்லாத கடனை 20 லட்சம் வரை உயர்த்தியது. அதற்கும் சேமிப்புக் கணக்கில் கை வைக்கக் கூடாது.

அந்தப் பக்கத்தை இரண்டு பிரதி எடுத்து, ஒன்றை விண்ணப்பத்தோடு கொடுத்து, இன்னொன்றில் சீல் வாங்கிக்கொண்டார்கள். டெபாசிட் பேச்சு அதோடு நின்றது. (கடன் வர இன்னும் சில வாரம் ஆனது. அதற்குக் காரணம் தீர்மான நகலில் விடுபட்ட கையெழுத்துகள்!) கடன் கொடுத்தே ஆக வேண்டும் என்று அந்தச் சுற்றறிக்கை சொல்லவில்லை, குழுவின் தகுதியை வங்கி பார்க்கத்தான் செய்யும். நகராட்சி எல்லைக்குள் இருக்கும் குழுக்கள், இது தங்களுக்குப் பொருந்துமா என்று முதலில் விசாரித்துக்கொள்ளுங்கள்.

மாநில அரசின் ஆணைகள் தமிழ்நாடு அரசின் இணையதளத்தில் 'அரசாணைகள்' என்ற பகுதியில் துறை வாரியாக, தேதி வாரியாக இருக்கும். பலவும் தமிழிலேயே கிடைக்கும். இங்கே துறைதான் குழப்பும். 2023-ல் மகளிர் உரிமைத் தொகை வந்தபோது பலரும் சமூக நலத்துறையில் தேடினார்கள். அந்த அரசாணையைப் போட்டது சிறப்புத் திட்டச் செயலாக்கத் துறை. ஆண்டு வருமானம் 2.5 லட்சத்துக்குள், வயது 21 நிறைவு என்ற தகுதிகள் அதில் எழுத்தாக இருந்தன. அதைப் படித்தவர்கள் தெருவில் வந்த வதந்தியை நம்பவில்லை.

அதனால் யாராவது ரூல் என்று சொன்னால், "எண்ணும் தேதியும் சொல்லுங்க சார், குறிச்சுக்கிறோம்" என்று பணிவாகக் கேளுங்கள். எண், தேதி, துறை இந்த மூன்றும் தெரிந்தால் ஸ்ரீவில்லிபுத்தூரில் எந்த பிரௌசிங் சென்டரிலும் சில நிமிஷத்தில் எடுத்துவிடலாம். வீட்டில் படிக்கிற பிள்ளை செல்போனிலேயே எடுத்துத் தந்துவிடும். அரசு இணையதள முகவரி பெரும்பாலும் 'ஜிஓவி டாட் ஐஎன்' என்று முடியும். ரிசர்வ் வங்கிக்கு மட்டும் 'ஆர்பிஐ டாட் ஓஆர்ஜி டாட் ஐஎன்'. வாட்ஸ்அப்பில் வரும் அரசாணைப் படத்தை இந்த முகவரிகளில் சரிபார்க்காமல் குழுவில் வாசிக்க வேண்டாம். ஆணையை எடுத்த பிறகு, அதைத் திருத்தி வேறு ஆணை வந்திருக்கிறதா என்றும் பாருங்கள். பழைய தாளோடு போனால் நம்மையே மடக்கிவிடுவார்கள்.

சில ஆணைகள் எவ்வளவு தேடினாலும் கிடைக்காது. அப்போது 2005-ஆம் ஆண்டு தகவல் அறியும் உரிமைச் சட்டம் இருக்கிறது. வெள்ளைத்தாளில் நகல் கேட்டு எழுதி, 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி, அந்த அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்குப் பதிவுத் தபாலில் அனுப்பலாம். வறுமைக்கோட்டுக்குக் கீழே உள்ளவர்களுக்குக் கட்டணம் இல்லை, சான்று நகல் வைத்தால் போதும். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அதே அலுவலகத்தின் மேல்முறையீட்டு அலுவலருக்கு எழுதலாம். தபால் ரசீதைத் தீர்மானப் புத்தகத்தில் ஒட்டி வையுங்கள்.