திப்பு சுல்தானும் கீழைத்தேயவாதமும்

கீழைத்தேயவாதம் என்பது, ஆசிய, அரபு நாடுகளையும் இசுலாமையும் மேற்குலகம் தன் ஆதிக்கத்துக்கு ஏற்பச் சித்திரித்த முறையைக் குறிக்கும். எட்வர்டு செயித் 1978 இல் வெளியிட்ட ‘ஓரியண்டலிசம்’ நூல் இதை விரிவாக ஆராய்ந்தது.

தமிழகத்துக்கு நெருக்கமான எடுத்துக்காட்டு திப்பு சுல்தான். இன்று ஜலகண்டாபுரம் அமைந்துள்ள சேலம் பகுதி அவரது மைசூர் அரசின்கீழ் இருந்தது. 1792 ஆம் ஆண்டு சீரங்கப்பட்டண உடன்படிக்கைப்படி அது ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பனியிடம் சென்றது. அலெக்சாண்டர் ரீடு அங்கு ஆட்சியரானார்.

1799 இல் திப்பு போரில் இறந்தபின், ஐரோப்பியர் ஒருவரைப் புலி தாக்குவது போன்ற மரப்பொம்மை அவரது அரண்மனையில் கைப்பற்றப்பட்டது. 1808 முதல் அது இலண்டனில் கம்பனியின் தலைமையகத்தில் பார்வைக்கு வைக்கப்பட்டது. புலி திப்புவின் அரச சின்னம். ஆங்கிலேயருக்கோ அப்பொம்மை, இசுலாமிய மன்னரின் கொடூரத்துக்குச் சான்றாகத் தோன்றியது. இத்தகைய சித்திரிப்பு கம்பனியின் படையெடுப்பை நியாயப்படுத்தவும் உதவியது.

குடகு, மலபார் பகுதிகளில் திப்புவின் படைகள் கடுமையாக நடந்துகொண்டது உண்மை. 1791 இல் மராத்தியப் படையினர் சூறையாடிய சிருங்கேரி மடத்தைச் சீரமைக்க அவர் பொருளுதவி செய்ததும் உண்மை; 1916 இல் அம்மடத்தில் கண்டெடுக்கப்பட்ட அவரது கடிதங்கள் இதைக் காட்டுகின்றன. ‘கொடுங்கோலன்’ என்ற ஒற்றைப் படிமம் முதலாவதை மட்டும் பெரிதாக்கி, இரண்டாவதை மறைத்துவிடுகிறது.

அப்பொம்மை தற்போது இலண்டன் விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகத்தில் உள்ளது.