எடி படுத்த இடம்

1956இல், கலிபோர்னியாவின் சான் ஆன்செல்மோ என்ற சிற்றூரிலிருந்து 12 வயதுப் பையன் ஒருவன் ஃபிராங்க் லாயிட் ரைட்டுக்குக் கடிதம் போட்டான். ரைட் அப்போது அமெரிக்காவின் தலைசிறந்த கட்டடக் கலைஞர்; வயது தொண்ணூறை நெருங்கிக்கொண்டிருந்தது. பையனின் குடும்பம் குடியிருந்ததே அவர் வரைந்துகொடுத்த வீட்டில்தான். எங்கள் எடிக்கும் ஒரு குடில் வரைந்து தாருங்கள், வீடு வீடாகப் பேப்பர் போட்டு வருகிற காசில் பணம் கொடுத்துவிடுகிறேன் என்பது கடிதத்தின் சாரம். எடி அவனுடைய லாப்ரடார் நாய். இப்போது வேலை அதிகம், நவம்பரில் எழுது என்று பெரியவரிடமிருந்து பதில் வந்தது. நவம்பர் பிறந்ததும் பையன் மறக்காமல் எழுதினான். வரைபடம் வந்து சேர்ந்தது. காசு கேட்கவில்லை.

முக்கோண வடிவம், தாழ்வான கூரை. ரைட் வரைந்த கட்டடங்களிலேயே மிகச் சிறியது அதுதான் என்கிறார்கள். 1963இல் அதைக் கட்டியபோது ரைட் இறந்து நான்கு ஆண்டுகள் ஆகியிருந்தன. மழைக்கு ஒழுகியது. எடியோ அதைச் சீந்தவே இல்லை. அதற்கு மனிதர்கள் இருக்கும் வீடுதான் பிடித்திருந்தது. குடில் சில ஆண்டுகளில் குப்பைக்குப் போயிற்று.

அமெரிக்க நாய்களைப் பற்றி வாசிக்கும்போதெல்லாம் எனக்கு எடிதான் நினைவுக்கு வருகிறது. அந்தக் காலத்தில் நாய்க்கு வெளியேதான் இடம் என்பதே பலரின் எண்ணமாக இருந்தது. ஸ்னூப்பி என்ற கார்ட்டூன் நாயை எண்ணிப் பாருங்கள். கொல்லைப்புறத்தில் கூரை போட்ட மரக்குடில், அதன் உச்சியில் மல்லாந்து படுத்திருக்கும் நாய். அது வெறும் கற்பனை இல்லை, அந்நாளைய அமெரிக்கக் குடும்பத்தின் நடப்பு. காலையில் கதவைத் திறந்துவிட்டால் நாய் தெருவுக்குப் போகும், பிள்ளைகளோடு ஓடும், அண்டை வீட்டு நாய்களோடு சுற்றும், சாப்பாட்டு நேரத்துக்கு வீடு திரும்பும். கழுத்தில் வார் மாட்டி ஒருவர் கூடவே நடக்க வேண்டும் என்ற எண்ணம் சிற்றூர்களிலும் புறநகர்களிலும் அரிதாகவே இருந்தது. பகல் முழுக்க நாயின் பகல்.

அந்தச் சுதந்திரத்தை ஏக்கத்தோடு நினைப்பவர்கள் அதற்கு நாய்கள் கொடுத்த விலையையும் சேர்த்து நினைக்க வேண்டும். 1877 ஜூலை 5ஆம் தேதி நியூயார்க்கில் ஒரே நாளில் 762 தெருநாய்களை இரும்புக் கூண்டில் அடைத்து, கிழக்கு ஆற்றில் அமிழ்த்திக் கொன்றார்கள். அது ஒரு நாளோடு முடிந்த செயலும் இல்லை. கோடைதோறும் வெறிநாய்க்கடி பயம் கிளம்பும், நகராட்சி நாய் பிடிக்கும், கூண்டு ஆற்றில் இறங்கும். 1866இல் ஹென்றி பெர்க் தொடங்கிய ஏ.எஸ்.பி.சி.ஏ. என்ற விலங்கு வதைத் தடுப்புச் சங்கம் 1894இல் நகரத்து நாய்ப்பட்டியைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டது. நீரில் அமிழ்த்துவது நின்றது, கொல்வது நிற்கவில்லை. நாடு முழுவதும் காப்பகங்களில் கொல்லப்பட்ட நாய், பூனைகளின் எண்ணிக்கை 1970களில் ஆண்டுக்கு 1 கோடியே 20 லட்சம் முதல் 2 கோடி வரை இருந்திருக்கும் என்று மதிப்பிடுகிறார்கள். நாய் சுற்றித் திரிந்தது, குட்டி போட்டது, குட்டிகளை ஏற்க ஆள் இல்லை. 2019இல் காப்பகங்களில் கொல்லப்பட்ட நாய்கள் ஏறத்தாழ 3 லட்சத்து 90 ஆயிரம் என்று அதே சங்கம் கணக்கிட்டது. கருத்தடை அறுவையும், கடையில் வாங்காமல் காப்பகத்திலிருந்து தத்தெடுக்கும் பழக்கமும்தான் இதைச் சாதித்தன. கடைசி உயிர் வரை காப்பாற்றியாக வேண்டும் என்பவன் நான். ஆனாலும் அமெரிக்கர்கள் தங்கள் நாய்களுக்குச் செய்த மிகப் பெரிய நன்மை இது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை.

வெறிநோயின் கதையும் இதனோடு சேர்ந்தது. தடுப்பூசி, உரிமப் பட்டயம், கழுத்துவார்ச் சட்டம் என்று பல பத்தாண்டுகள் விடாமல் செய்ததன் பலனாக, நாயிலிருந்து நாய்க்குப் பரவும் ரேபிஸ் வகை நாட்டிலிருந்தே ஒழிந்தது என்று 2007இல் அறிவிக்க முடிந்தது. பயம் போன பிறகுதான் நாயைக் கட்டிலில் ஏற்றிக்கொள்ள மனிதனுக்குத் துணிவு வந்தது என்று நினைக்கிறேன். இதற்கிடையே 1978 ஆகஸ்டில் நியூயார்க்கில், நாயின் மலத்தை வளர்ப்பவரே அள்ள வேண்டும் என்ற சட்டம் அமலுக்கு வந்தது. அடுத்த ஆண்டு பெர்க்லியின் ஓலோன் பூங்காவில் நாய்கள் வார் இல்லாமல் ஓடுவதற்கென்றே வேலி போட்ட இடம் திறந்தது. ஊர் முழுக்கத் தன்னுடையதாக இருந்த நாய்க்கு இப்படி ஒரு வேலிக்குள் கொஞ்சம் ஓட்டம் கிடைத்தது.

சாப்பாட்டைச் சொல்லாமல் இந்தக் கதை நகராது. முன்பு நாய்க்கென்று தனி உலை கிடையாது; வீட்டில் மிஞ்சிய ரொட்டி, எலும்பு, குழம்பு, கசாப்புக் கடைக் கழிவு. 1922இல் கென்-எல் ரேஷன் என்ற பெயரில் இல்லினாய்ஸின் ராக்ஃபோர்டு நகரத்திலிருந்து டப்பாவில் அடைத்த நாய் உணவு வந்தது. உள்ளே குதிரை இறைச்சி. காரும் டிராக்டரும் வந்து வேலை இழந்த குதிரைகள் நாட்டில் ஏராளமாக இருந்தன. இரண்டாம் உலகப் போரில் தகரத்துக்குத் தட்டுப்பாடு வந்ததும் டப்பா போய்ப் பையில் அடைத்த உலர் உணவு மேலேறியது. 1957இல் பியூரினா நிறுவனம், மாவைச் சூட்டிலும் அழுத்தத்திலும் பிழிந்து பொரித்தெடுத்ததுபோன்ற உருண்டைகளைச் சந்தைக்குக் கொண்டுவந்தது. அடுத்த இருபது ஆண்டுகளில் மிச்சச் சோறு போடுவதே தவறு என்று தாய்மார்கள் நம்பத் தொடங்கினார்கள். இன்றைக்கு என்ன நடக்கிறது? மனிதர் உண்ணத் தகுந்த இறைச்சியையும் காய்கறியையும் மெல்லிய சூட்டில் சமைத்து, உறையவைத்து, ஒவ்வொரு நாயின் எடைக்கும் அளந்து பொட்டலம் கட்டி வீட்டு வாசலுக்கே அனுப்புகிற நிறுவனங்கள் வளர்ந்து நிற்கின்றன. அடுப்படிச் சாப்பாடு திரும்பி வந்துவிட்டது. அன்று அதற்குக் காசு இல்லை. இன்று பெரிய நாய் ஒன்றுக்கு மாதம் நூற்றுக்கணக்கான டாலர்.

அமெரிக்கக் கால்நடை மருத்துவச் சங்கத்தின் கணக்கில் 1996இல் நாட்டில் 5 கோடியே 29 லட்சம் நாய்கள் இருந்தன. 2024இல் 8 கோடியே 97 லட்சம். அந்த ஆண்டு 100 வீடுகளில் 45க்கு மேல் நாய் இருந்தது. வளர்ப்பு விலங்குகளுக்காக அமெரிக்கர்கள் செலவிட்ட தொகை 1994இல் 1,700 கோடி டாலர், 2024இல் சுமார் 15,200 கோடி டாலர். இடைப்பட்ட காலத்தில் விலைவாசி இரண்டு மடங்குக்குச் சற்று மேல்தான் ஏறியிருக்கிறது. செலவு ஏறக்குறைய ஒன்பது மடங்கு.

நாய்கள் கூடியதால் மட்டும் இப்படி ஆகவில்லை, நாயின் உறவுமுறையே மாறிவிட்டது. ஆங்கிலத்தில் நாய் வளர்ப்பவரை உடைமையாளர் என்பார்கள்; இப்போது கடைகளும் மருத்துவமனைகளும் பெற்றோர் என்றே அழைக்கின்றன. தமிழில் நாயையும் வளர்க்கிறோம், பிள்ளையையும் வளர்க்கிறோம். அந்த ஒரே வினைச்சொல்லுக்கு அவர்கள் இப்போதுதான் வந்து சேர்ந்திருக்கிறார்கள். 2023இல் பியூ ஆய்வு மையம் கேட்டபோது, விலங்கு வளர்ப்பவர்களில் 97 சதவீதத்தினர் அதைக் குடும்பத்தில் ஒருவர் என்றார்கள். 51 சதவீதத்தினர் மனித உறுப்பினருக்குச் சமம் என்றார்கள். மணமுறிவு வழக்கில் நாய் யாரிடம் போவது என்று தீர்மானிக்கும்போது நாயின் நலனைப் பார்க்க வேண்டும் என்ற சட்டம் முதன்முதலாக அலாஸ்காவில் 2017இல் அமலுக்கு வந்தது. அதுவரை நாற்காலியும் நாயும் நீதிமன்றத்துக்கு ஒன்று.

இந்த உறவு எவ்வளவு ஆழமானது என்பதை அரசாங்கம் உணர்ந்தது 2005இல், கத்ரீனா புயலின்போது. நியூ ஆர்லியன்ஸில் மீட்புப் பேருந்தில் நாயை ஏற்ற மாட்டோம் என்றார்கள். ஒரு சிறுவனின் கையிலிருந்து ஸ்னோபால் என்ற குட்டி நாயை ஒரு காவலர் பிடுங்கிக்கொண்டதும், பையன் வாந்தி எடுக்கும்வரை அழுததும் நாடெங்கும் செய்தியாயின. ஊரை விட்டு வெளியேற மறுத்துத் தங்கியவர்களில் 44 சதவீதத்தினர், விலங்குகளைப் பிரிய மனமில்லாததும் தாங்கள் தங்கியதற்கு ஒரு காரணம் என்று பின்னர் ஓர் ஆய்வில் சொன்னார்கள். அவர்களை முட்டாள்கள் என்று சொல்ல முடியாது. பேரிடர்த் திட்டங்களில் வளர்ப்பு விலங்குகளுக்கும் இடம் வேண்டும் என்று 2006 அக்டோபரில் சட்டம் கையெழுத்தானது.

வீட்டுக்குள் வந்த நாய் நோய்ப்பட்டால் மனிதருக்குப் பார்ப்பதுபோல் பார்க்க வேண்டியிருக்கிறது. எடியின் காலத்தில் அமெரிக்காவிலும் நாய்க்கு வைத்தியம் பார்த்தவர் பெரும்பாலும் உண்மையிலேயே கால்நடை மருத்துவர்தான். மாடு, குதிரை, பன்றி, அதோடு நாய்க்கு ஊசி. இன்று நாய்க்கு எம்.ஆர்.ஐ. உண்டு, புற்றுநோய்க்குக் கீமோ உண்டு, கண்ணுக்கென்று தனி நிபுணர் உண்டு. பின்னங்கால் மூட்டு நார் அறுந்தால் எலும்பை வெட்டித் தகடு பொருத்தும் அறுவைக்கு 4,000, 5,000 டாலர் ஆவது சாதாரணம். 1982இல் அமெரிக்காவின் முதல் செல்லப்பிராணிக் காப்பீடு எழுதப்பட்டது லாஸி என்ற தொலைக்காட்சி நாய்க்கு. நாற்பது ஆண்டுகளுக்கு மேல் கழிந்தும், 2023இல் பூனைகளையும் சேர்த்துக் காப்பீடு உள்ளவை 57 லட்சம் அளவில்தான் இருந்தன. மற்றவர்கள் ரொக்கம் எண்ணி வைக்க வேண்டும், அல்லது கடன் அட்டையைத் தேய்க்க வேண்டும்.

மருத்துவமனைகளின் உரிமையும் கைமாறியிருக்கிறது. சாக்லேட்டுக்குப் பெயர்போன மார்ஸ் நிறுவனம்தான் பெடிக்ரி என்ற நாய் உணவும் செய்கிறது. 2017இல் அது வி.சி.ஏ. என்ற கால்நடை மருத்துவமனைச் சங்கிலியை 910 கோடி டாலருக்கு வாங்கியது. அதற்கு முன்பே வேறு சங்கிலிகளும் அதன் கையில் இருந்தன. ஊருக்கு ஒரு டாக்டர், அவருக்கு நாயையும் தெரியும், நாயைக் கொண்டுவருகிறவரின் வருமானமும் தெரியும், பில்லைப் பாதியாகக் குறைத்து எழுதுவார் என்ற அந்த ஏற்பாடு மறைந்துவருகிறது. 2025இல் வெளியான கேலப் ஆய்வில், வளர்ப்பவர்களில் 52 சதவீதத்தினர் முந்தைய ஓராண்டில் தேவையான சிகிச்சை ஏதாவது ஒன்றைத் தவிர்த்தோ மறுத்தோ இருந்தார்கள். பெரும்பாலோர் சொன்ன காரணம் செலவு. குணமாக்கக் கூடிய நோய்தான், பணமில்லாததால் சிலர் ஊசி போட்டு உயிரை முடிக்க ஒப்புக்கொள்கிறார்கள். மகனே என்று அழைத்த நாய்க்கு அந்தப் படிவத்தில் கையெழுத்துப் போடுகிற ஒருவரின் கை என்ன பாடுபடும்! அன்று வசதியில்லாதவனும் நாய் வளர்த்தான். நாய்க்கு வைத்தியம் இல்லாதது எல்லார்க்கும் பொதுவாக இருந்தது. இன்று வைத்தியம் இருக்கிறது, கண்ணெதிரே இருக்கிறது, எட்டவில்லை. இதை நான் பழையதைவிடக் கொடிய துயரமாகவே பார்க்கிறேன்.

நாயின் நடத்தை பற்றியும் சொல்ல வேண்டும். 1960களில் நாயைப் பழக்குவது என்றால் சங்கிலியைச் சுண்டி இழுத்து அடக்குவது. கூட்டத்துக்குத் தலைமை ஓநாய் உண்டு, வீட்டுக்கு நீதான் தலைமை ஓநாய் என்ற பாடம். 1970இல் எழுதிய நூலில் அந்தக் கருத்தைப் பரப்பிய டேவிட் மெக் என்ற ஆய்வாளரே, காட்டு ஓநாய்க் கூட்டம் என்பது பெரும்பாலும் தாயும் தகப்பனும் பிள்ளைகளும்தான் என்று 1999இல் எழுதித் தன் தவறைத் திருத்தினார். டால்பின்களைப் பழக்கிய கேரன் பிரையரின் வழியில், செய்ததற்குப் பரிசு கொடுத்துக் கற்பிக்கும் முறை பரவியது. அடி குறைந்தது.

தனிமை கூடியது. கணவனும் மனைவியும் வேலைக்குப் போய்விட, எட்டு ஒன்பது மணி நேரம் பூட்டிய வீட்டில் இருக்கும் நாய் கதவைப் பிறாண்டுகிறது, ஊளையிடுகிறது, தன் காலையே கடித்துப் புண்ணாக்கிக்கொள்கிறது. பிரிவுப் பதற்றம் என்று இதற்குப் பெயர் வைத்து, 2007இல் மனிதர்கள் உட்கொள்ளும் மனச்சோர்வு மருந்தையே மாட்டிறைச்சிச் சுவையில் நாய்க்கு மாத்திரையாகக் கொடுக்க மருந்துத் துறை அனுமதித்தது. கொரோனா காலத்தில் 2 கோடியே 30 லட்சம் வீடுகளில் நாயோ பூனையோ புதிதாக வந்தது. அந்தக் குட்டிகளுக்கு மனிதர் இல்லாத வீடு என்றால் என்னவென்றே தெரியாது. அலுவலகங்கள் திறந்ததும் அவை சன்னலோரம் போய் உட்கார்ந்துகொண்டன.

காப்பகங்கள் மறுபடி நிரம்புகின்றன. வாடகை வீட்டில் நாய்க்கென்று தனி முன்பணம், மாதந்தோறும் தனி வாடகை. பெரிய நாய் என்றால் வீடே இல்லை. கெட்ட மனதோடு நாயைக் கொண்டுவந்து விடுபவர்கள் சிலரே. பலர் அழுதுகொண்டுதான் வருகிறார்கள். அதனால் பல காப்பகங்கள் இப்போது வேறு விதமாகத் தொடங்குகின்றன. பதிவேட்டைத் திறக்கும் முன், என்ன இருந்தால் நாயை உங்களோடு வைத்துக்கொள்ள முடியும் என்று கேட்கிறார்கள். பல சமயம் ஒரு மூட்டை உணவும், குறைந்த கட்டணத்தில் ஒரு சிகிச்சையும் போதுமாக இருக்கிறது. விட்டுவிட்டுப் போக வந்தவர் தோளில் மூட்டையும் கையில் வாருமாகத் திரும்புகிறார். நாய் முன்னால் இழுத்துக்கொண்டு நடக்கிறது. வீடு எந்தப் பக்கம் என்று அதற்குத் தெரியும்.