உதிர்ந்தாலும் எழும் பொம்மைகள்

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். கோட்டைப்பட்டினத்தில் விசைப்படகுகள் கரையில் நிற்கும். பள்ளிக்கும் இடையில் கோடை விடுமுறை. அப்பாவும் பிள்ளையும் சேர்ந்தாற்போல் வீட்டில் இருக்கும் பருவம். இருவரும் சேர்ந்து ஆட ஒரு வீடியோ கேம் சொல்லுங்கள் என்று கேட்டால், 2005-இல் தொடங்கிய ‘லெகோ ஸ்டார் வார்ஸ்’ வரிசையைத்தான் சொல்வேன்.

டென்மார்க்கின் லெகோ கட்டைகளையும் ஹாலிவுட்டின் விண்வெளிப் படங்களையும் சேர்த்து, பிரிட்டனின் டிராவலர்ஸ் டேல்ஸ் நிறுவனம் உருவாக்கியது இது. கதை படத்தின் கதைதான். நடிப்பவை லெகோ பொம்மைகள். அடிபட்டால் ரத்தம் கிடையாது. பொம்மை துண்டு துண்டாக உதிரும், சேர்த்த காசில் கொஞ்சம் சிதறும், அடுத்த நொடி அங்கேயே எழுந்து நிற்கும். சிதறிய காசையும் ஓடிப்போய்ப் பொறுக்கிக்கொள்ளலாம். ஆறு வயதுப் பிள்ளைகூடத் தட்டுத்தடுமாறிக் கடைசிவரை போய்விடும்.

இரண்டாவது கன்ட்ரோலரில் பொத்தானை அழுத்தினால், அதுவரை கணினி நடத்திய துணைப் பொம்மை நம் கைக்கு வரும். சாப்பிடக் கூப்பிட்டால் எழுந்து போகலாம், ஆட்டம் நிற்காது. சிக்கல், இருவருக்கும் ஒரே திரை என்பதில்தான். ஆளுக்கொரு திசையில் போக முடியாமல் தொடக்கத்தில் ஒருவரையொருவர் இழுத்துக்கொண்டு திரிந்தார்கள் (அண்ணன் தங்கச்சி சண்டைக்கு இது போதாதா!). 2009-இல் அதே நிறுவனத்தின் ‘லெகோ இண்டியானா ஜோன்ஸ் 2’ இதைத் தீர்த்தது. பொம்மைகள் விலகினால் திரை இரண்டாகப் பிரியும், நெருங்கினால் ஒன்றாகும். பிரிக்கும் கோடும் அவை நிற்கும் திசைக்கேற்பச் சாயும்.

முடித்த ஆட்டத்தை மறுபடி ஏன் ஆடுகிறார்கள்? முதல் தடவை சில வழிகள் திறக்காது. ஒரு பூட்டை ரோபோதான் திறக்கும். ஒரு பொந்துக்குள் சின்ன உருவம்தான் நுழையும். கதையை முடித்தபின் வேறு பொம்மைகளோடு திரும்பி வந்தால் அதே இடம் புதிதாக விரியும். பார்த்துவிட்டு விட்டுப்போன கதவு மனதை அரித்துக்கொண்டே இருக்கும். இந்த விளையாட்டின் ஆயுள் அதில்தான் இருக்கிறது.

தொடக்ககால விளையாட்டுகளில் பொம்மைகள் பேசாது, முனகலும் சைகையும்தான். கதை புரிய ஆங்கிலம் வேண்டாம். 2012-இல் ‘லெகோ பேட்மேன் 2’ வந்தபோது வசனம் புகுந்தது.

2022-இல் ஸ்டார் வார்ஸின் ஒன்பது படங்களும் ஒரே விளையாட்டாக வந்தன. பிரமாண்டம்தான், ஆனால் தேடிப் பொறுக்க வேண்டியவை அளவுக்கு மிஞ்சிவிட்டன. முதலில் ஆடுபவர்களுக்கு, ஆறு படங்களைத் தொகுத்த 2007-ஆம் ஆண்டுப் பதிப்பே போதும்.